ஓசுகி ரென்: எல்லாப் படத்திலும் வரும் அந்தத் துணை நடிகர் யார்?

கேள்வி — வெண்திரை வாசகர்

அனைவருக்கும் வணக்கம். 1990-களில் வெளிவந்த ஜப்பானியப் படங்களைச் சில மாதங்களாக வரிசையாகப் பார்த்து வருகிறேன். தகேஷி கித்தானோவின் 'சொனாட்டின்', 'ஹனா-பி', கியோஷி குரோசாவாவின் 'க்யூர்', சாபுவின் 'போஸ்ட்மேன் புளூஸ்', தகாஷி மீகேயின் 'ஆடிஷன்' என்று இயக்குநர் மாறினாலும் கதைக்களம் மாறினாலும் ஒரு முகம் மட்டும் விடாமல் வந்துகொண்டே இருக்கிறது. ஒரு படத்தில் யாகுசா எனும் ஜப்பானிய மாஃபியாக் கும்பலில் தலைவனுக்கு அடுத்த நிலையில் இருப்பவர், ஒன்றில் சக்கர நாற்காலியில் முடங்கிய துப்பறிவாளர், ஒன்றில் காவல்துறை மேலதிகாரி, இன்னொன்றில் நோய் முற்றிச் சாகப்போகும் கூலிக் கொலைகாரர். பெயர்ப் பட்டியலைத் தேடிப் பார்த்த பிறகுதான் அவர் ஓசுகி ரென் என்பதும், 2018 பிப்ரவரியில் தமது 66-ஆம் வயதில் காலமாகிவிட்டார் என்பதும் தெரியவந்தது.

எனக்கு இரண்டு ஐயங்கள் உள்ளன. முதலாவது, 'சொனாட்டின்' வெளிவந்த 1993-இல் அவருக்கு வயது 41. அதற்கு முன்பு அவர் எங்கே இருந்தார்? நாற்பதைத் தாண்டிய பிறகு ஒருவர் திடீரென்று முளைத்து, ஐந்தாறு ஆண்டுகளுக்குள் நாட்டின் முக்கியமான இயக்குநர்கள் அனைவருக்கும் வேண்டியவராகிவிட முடியுமா? இரண்டாவது, இவருடைய பாத்திரங்கள் பெரும்பாலும் பத்து நிமிடத்துக்குள் முடிந்துவிடுகின்றன; உரத்த வசனமோ பெரிய அழுகையோ கிடையாது; ஆனாலும் படம் முடிந்த பின் நினைவில் நிற்கிறார். இதை வெறும் முகராசி என்று விட்டுவிட மனம் ஒப்பவில்லை. தொலைக்காட்சியிலும் அவர் நிறைய நடித்திருப்பதாகத் தெரிகிறது. விவரம் அறிந்தவர்கள் எழுதினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

மறுமொழி 1 — மேடைப் பார்வையாளர்

வணக்கம். உங்கள் முதல் ஐயத்துக்கு விடை தேட நாடக மேடைக்குப் போக வேண்டும்.

ஓசுகி 1951 செப்டம்பரில், ஷிகொக்கு தீவின் தொகுஷிமா மாவட்டத்தில் உள்ள கொமாட்சுஷிமா என்ற துறைமுக ஊரில் பிறந்தவர். தோக்கியோவுக்குப் படிக்க வந்து, பல்கலைக்கழகப் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு, 1974-இல் நாடகாசிரியர் ஷோகோ ஓத்தா நடத்திவந்த 'தென்கெய் கெகிஜோ' நாடகக் குழுவில் சேர்ந்தார். 1988-இல் அந்தக் குழு கலைக்கப்படும்வரை, ஏறத்தாழப் பதினான்கு ஆண்டுகள், அதுதான் அவருடைய வீடு. ஆகவே நாற்பது வயதில் முளைத்தவர் என்று நமக்குத் தோன்றுவது, நாம் திரையை மட்டும் பார்த்துக்கொண்டிருப்பதால்தான்.

ஓத்தாவின் நாடகங்கள் எப்படிப்பட்டவை என்று தெரிந்தால், ஓசுகியின் நடிப்பில் பாதி விளங்கிவிடும் என்பது என் கருத்து. 1981-இல் அரங்கேறிய அவருடைய 'நீர் நிலையம்' நாடகத்தை எடுத்துக்கொள்ளுங்கள். மேடை நடுவில் ஒரு பழைய குழாய். அதிலிருந்து நூல் போல நீர் ஒழுகிக்கொண்டே இருக்கும். மூட்டை முடிச்சுகளோடு மனிதர்கள் ஒவ்வொருவராகவும் கூட்டமாகவும் வருவார்கள், அந்த நீரைத் தொடுவார்கள், குடிப்பார்கள், போய்விடுவார்கள். இரண்டு மணி நேரத்துக்கு ஒட்டிய அந்த நாடகத்தில் ஒரு சொல் வசனம் கிடையாது. இரண்டு மீட்டர் தொலைவைக் கடக்க ஐந்து நிமிடம் எடுத்துக்கொள்ளும் நடை. குழாயடியில் ஒருவர் குவளையை நீட்டும்போது அதுவரை கேட்டுக்கொண்டிருந்த நீரோசை சட்டென்று நின்றுவிடுவதே அந்த நாடகத்தில் ஒரு பெரிய நிகழ்ச்சி. இப்படிப்பட்ட ஒரு பள்ளியில் தேறிய நடிகருக்கு, 'நான் இங்கே இருக்கிறேன்' என்று பார்வையாளருக்குக் காட்டுவதற்குக் குரலோ கையோ தேவைப்படுவதில்லை. அசையாமல் நின்றும் கவனத்தைப் பிடித்துவைக்கும் வித்தையை அவர் கேமராவிடம் கற்கவில்லை. கற்றுக்கொண்டுதான் கேமரா முன்னால் வந்தார்.

ஆனால் மௌன நாடகம் சோறு போடாது. 1980-லிருந்து ஓசுகி 'பிங்க்' படங்கள் என்று அழைக்கப்படும் பாலுணர்வுப் படங்களில் நடிக்கத் தொடங்கினார். நம் வாசகர்களில் சிலர் இங்கே முகம் சுளிக்கக்கூடும் என்பதால், அந்தத் தொழில் இயங்கிய விதத்தைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லிவிடுகிறேன். பெரிய ஸ்டூடியோக்களுக்கு வெளியே இருந்த சிறு நிறுவனங்கள், ஒரு மணி நேர அளவுள்ள படங்களை 35 மில்லிமீட்டர் படச்சுருளில், ஏறத்தாழ 30 லட்சம் யென் செலவில், சில நாள்களுக்குள் எடுத்து முடித்தன. குறித்த எண்ணிக்கையில் படுக்கையறைக் காட்சிகள் இருந்துவிட்டால் போதும். மற்றபடி கதையிலும் படமாக்கலிலும் இயக்குநர் என்ன செய்தாலும் தயாரிப்பாளர் கேட்பதில்லை. 1970-களின் தொடக்கத்தில் தாயெய் என்ற பெரிய ஸ்டூடியோ திவாலாகி, மற்றொரு ஸ்டூடியோவான நிக்காட்சு பாலுணர்வுப் படங்களின் பக்கம் திரும்பிய பிறகு, ஸ்டூடியோவில் உதவி இயக்குநராகச் சேர்ந்து படிப்படியாக மேலேறும் பழைய பாதை அடைபட்டுப் போயிருந்தது. இளம் இயக்குநர்களுக்கு எஞ்சியிருந்த சில பயிற்சிக்களங்களில் இது முக்கியமானது. பின்னாளில் 'டிபார்ச்சர்ஸ்' படத்துக்காக ஆஸ்கர் வாங்கிய யோஜிரோ தகிதா, 'ஷால் வி டான்ஸ்?' எடுத்த மசாயுகி சுவோ, நீங்கள் குறிப்பிட்ட கியோஷி குரோசாவா ஆகிய மூவருமே இந்த வழியாக வந்தவர்கள்தான்.

இதில் ஒரு படத்தைக் குறிப்பாகச் சொல்ல வேண்டும். 1984-இல் சுவோ இயக்கிய முதல் படம், வெளிப்பார்வைக்குப் பாலுணர்வுப் படம். உள்ளே பார்த்தால் பழம்பெரும் இயக்குநர் யசுஜிரோ ஒசுவின் குடும்பப் படங்களுக்கு ஒரு பக்தர் செய்த குறும்பான வழிபாடு. தரையை ஒட்டி வைத்த அசையாத கேமரா, நேராகப் பார்த்துப் பேசும் முகங்கள், வீட்டில் நடக்கும் எதையும் கண்டுகொள்ளாமல் புன்னகைக்கும் வயதான தந்தை. ஒசுவின் படங்களில் சிஷு ரியு நடித்த அந்தத் தந்தையின் உட்காரும் முறையையும், பேச்சுக்கு நடுவே விடும் இடைவெளியையும், தலையசைப்பையும் அப்படியே கொண்டுவந்தவர் ஓசுகி. அப்போது அவருக்கு வயது 32! மகன், மருமகள் பாத்திரங்களில் நடித்தவர்களுக்கும் அவருக்கும் வயதில் பெரிய வேறுபாடு இல்லை. ஆனாலும் அவர் பாயில் உட்கார்ந்தவுடன் அந்த வீட்டுக்கு ஒரு பெரியவர் வந்துவிட்டார் என்று நம்பிவிடுகிறோம். வெறும் பகடியாக முடிந்திருக்க வேண்டிய ஒன்றை அவர் முகபாவம் மாறாமல் செய்து காட்டியதால்தான் அந்தப் படம் இன்றும் பேசப்படுகிறது.

மறுமொழி 2 — நள்ளிரவுக் காட்சி

மேலே நண்பர் மேடையைப் பற்றி எழுதிவிட்டதால் நான் கித்தானோ தொடர்பான பகுதியை எடுத்துக்கொள்கிறேன். இடையில் ஒரு கண்ணி விடுபட்டிருக்கிறது. 1989-இல் தோயெய் நிறுவனம், திரையரங்குக்குப் போகாமல் நேராக வீடியோ கேசட்டாகவே விற்கும் படங்களைத் தயாரிக்கத் தொடங்கியது. மற்ற நிறுவனங்களும் பின்தொடர்ந்தன. யாகுசா கதைகளும் குற்றக் கதைகளும் வாடகைக் கடைகளின் அலமாரிகளை நிரப்பின. நாடகக் குழு கலைந்து வெளியே வந்த ஓசுகி போன்றவர்களுக்கு அந்தச் சந்தை கைகொடுத்தது. மீகேயும் அந்தச் சந்தையில்தான் வளர்ந்தார்.

'சொனாட்டின்' படத்துக்கான நடிகர் தேர்வுக்கு ஓசுகி தாமதமாகப் போய்ச் சேர்ந்ததும், கித்தானோ அவரைச் சில நொடிகள் பார்த்ததோடு சரி என்பதும் ஜப்பானில் பலமுறை சொல்லப்பட்ட கதை. கிடைத்தது சிறிய பாத்திரம்தான். தொலைபேசியில் ஒருவரை மிரட்டும் காட்சியில் அவர் வெளுத்து வாங்கியதைப் பார்த்த கித்தானோ, கும்பல் தெற்கே உள்ள ஒகினாவா தீவுக்குப் புறப்படும்போது அவருடைய பாத்திரத்தையும் கூடவே அனுப்பிவிட்டார். எழுதிவைத்ததைப் படப்பிடிப்பில் மாற்றிக்கொண்டே போகும் இயக்குநரிடம் மாட்டியது அவருடைய நல்லூழ். அந்தப் படத்தை மறுபடி பார்க்கும்போது கடற்கரை வீட்டுப் பகுதியில் அவரை மட்டும் கவனியுங்கள். மற்றவர்கள் சிறுவர்களைப் போல விளையாடத் தொடங்கும்போது அவர் மட்டும் அலுவலக மேலாளர் போல விறைப்பாக நிற்பார். அந்த விறைப்பு ஒவ்வொரு காட்சியிலும் கொஞ்சம் கொஞ்சமாகத் தளர்வதுதான் அந்தப் பகுதியின் நகைச்சுவைக்கு அடிப்படை.

'ஹனா-பி' வேறு தளம். 1997-இல் வெனிஸ் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கச் சிங்கம் வென்ற அந்தப் படத்தில், சுடப்பட்டு இடுப்புக்குக் கீழே செயலிழந்து, மனைவியும் மகளும் பிரிந்து போய், கடலோர வீட்டில் தனித்து விடப்பட்ட ஹொரிபே என்ற துப்பறிவாளராக வருகிறார். ஓவியம் வரையலாமா என்று நினைப்பதாக அவர் தம் பழைய தோழரிடம் சொல்லும் காட்சியைக் கவனித்தீர்களா? இருவரும் கடலைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறார்கள். தம்மிடம் வண்ணங்கள் வாங்கக் காசில்லை என்பதையும், வீட்டில் யாரும் இல்லை என்பதையும் ஏதோ வானிலை நிலவரம் சொல்வது போல ஒரே தொனியில் சொல்லிக்கொண்டு போகிறார். இரக்கம் கேட்கும் எந்த அடையாளமும் அந்தக் குரலில் இல்லை. பிறகு ஒரு பூக்கடைக்கு எதிரே சக்கர நாற்காலியை நிறுத்திப் பூக்களையே பார்த்துக்கொண்டிருக்கும் காட்சி: பூக்களைத் தலையாகக் கொண்ட விலங்குகள் அவர் மனத்தில் உருவாவதை ஓவியங்களை இடையிடையே காட்டி இயக்குநர் சொல்கிறார். நடிகர் செய்வது பார்ப்பது ஒன்றுதான். அந்த ஓவியங்கள் கித்தானோ 1994-இல் மோட்டார் சைக்கிள் விபத்தில் சிக்கி மீண்ட பிறகு தாமே வரைந்தவை. அதாவது இயக்குநர் தம் சொந்த அனுபவத்தைக் கதாநாயகனாக நடித்த தம்மிடம் வைத்துக்கொள்ளாமல் ஓசுகியிடம் கொடுத்திருக்கிறார். ஒரு துணை நடிகருக்கு இதைவிடப் பெரிய நம்பிக்கையை யார் காட்ட முடியும்? 1998-ஆம் ஆண்டுக்கான, ஜப்பானின் ப்ளூ ரிப்பன் துணை நடிகர் விருது, இந்தப் படத்துக்கும் யோய்ச்சி சாய் இயக்கிய ஒரு குற்றப்படத்துக்குமாக அவருக்கு வழங்கப்பட்டது.

'க்யூர்' பற்றியும் ஒரு வார்த்தை. மேலதிகாரிகள் அமர்ந்திருக்கும் விசாரணை அறையில் நினைவிழந்த ஓர் இளைஞன் ஓசுகியின் பாத்திரத்தைப் பார்த்து 'நீங்கள் யார்?' என்று கேட்கிறான். அவர் தம் பதவியையும் பெயரையும் சொல்கிறார். அந்தப் பதவியையும் பெயரையும் அப்படியே திருப்பிச் சொல்லி, 'சரி, நீங்கள் யார்?' என்று அவன் மீண்டும் கேட்கிறான். ஓர் அதிகாரிக்குப் பதவியைத் தவிர வேறு விடை இல்லாமல் போகும் அந்தக் கணத்தில் ஓசுகியின் முகத்தில் கோபத்துக்கு முன்னால் ஒரு நொடி வெறுமை வந்து போகும். படத்தின் மையக் கேள்வியே அந்த ஒரு நொடியில் இருக்கிறது. அதைக் கதாநாயகனிடம் கொடுக்காமல் சில நிமிடங்கள் மட்டும் வந்துபோகும் ஒருவரிடம் குரோசாவா கொடுத்திருக்கிறார்.

மறுமொழி 3 — மாற்றுக் கருத்து

மேலே எழுதிய இருவரின் உழைப்பையும் மதிக்கிறேன். ஆனால் இந்தப் புகழ்ச்சி ஒருபக்கமாகச் சாய்கிறது என்று நினைக்கிறேன். ஜப்பானிய ஊடகங்கள் ஓசுகிக்குக் கொடுத்த பட்டம் 'முந்நூறு முகம் கொண்ட ஆண்' என்பது. உண்மையில் அவருக்கு இருந்தது ஒரே முகம். ஒப்பனையாலோ பேச்சு வழக்காலோ தம்மை மறைத்துக்கொள்ளும் நடிகர் அல்லர் அவர். எந்தப் படத்திலும் பார்த்தவுடன் 'அதோ, ஓசுகி' என்று தெரிந்துவிடும். கேட்டவரும் அப்படித்தானே கண்டுபிடித்தார்?

அதோடு, அவர் நடித்தவை நூற்றுக்கணக்கில் இருக்கும். அவற்றில் 'ஹனா-பி' போன்றவை விரல்விட்டு எண்ணத்தக்கவை. எஞ்சியவற்றில் பெரும்பகுதி தொலைக்காட்சித் தொடர்கள். ஜப்பானியத் தொடர்கள் பொதுவாக ஜனவரி, ஏப்ரல், ஜூலை, அக்டோபர் என்று மூன்று மாதத்துக்கு ஒரு முறை மாறுபவை. ஒவ்வொன்றும் பத்து அல்லது பதினொரு பகுதிகளில் முடிந்துவிடும். கதாநாயகர்கள் பருவத்துக்குப் பருவம் மாறுவார்கள். ஆனால் அலுவலக மேலாளர், மருத்துவமனை இயக்குநர், கதாநாயகியின் தந்தை, ஊழல் செய்த அரசியல்வாதி போன்ற நாற்காலிகள் எல்லாத் தொடரிலும் நிரந்தரமாக இருக்கும்; அவற்றில் உட்கார ஐம்பதைத் தாண்டிய பத்திருபது ஆண் நடிகர்கள் சுழற்சி முறையில் வந்து போவார்கள். ஓசுகி அந்தச் சுழற்சியில் ஒருவராகவே பல ஆண்டுகளைக் கழித்தார். நாடக மேடையில் கற்றதை அந்த நாற்காலிகளில் எவ்வளவு பயன்படுத்த முடிந்தது என்பது என் கேள்வி.

பழைய ஸ்டூடியோ முறையில் இதற்கு ஒரு நேர்மையாவது இருந்தது. கியோட்டோவில் உள்ள தோயெய் ஸ்டூடியோவில் பதினைந்து வயதில் சேர்ந்து, வாள் சண்டைக் காட்சிகளில் வெட்டுப்பட்டு விழுவதையே வாழ்நாள் தொழிலாகக் கொண்ட செய்சோ ஃபுகுமோத்தோவைப் பாருங்கள். வெட்டுப்பட்டவுடன் முதுகைப் பின்னோக்கி வில்லாக வளைத்து விழும் அவருடைய பாணியைப் பார்த்தாலே ரசிகர்கள் அவரை அடையாளம் கண்டுகொள்வார்கள். 'தி லாஸ்ட் சாமுராய்' படத்தில் டாம் குரூஸுக்குக் காவலாகப் பேசாமலே பின்தொடரும் முதியவர் அவர்தான். அவரிடம் யாரும் பல முகம் கேட்கவில்லை. ஒரே வேலையை அவர் ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் செம்மைப்படுத்தினார்.

மறுமொழி 4 — மேடைப் பார்வையாளர்

ஃபுகுமோத்தோ மீது எனக்கும் மதிப்பு உண்டு. ஆனால் அவர் மாதச் சம்பளம் வாங்கிய ஸ்டூடியோ ஊழியர் என்பதை மறந்துவிடக் கூடாது. அறுபது வயதில் ஓய்வு பெறும்வரை அவருக்கு ஒரு கூரை இருந்தது. ஓசுகியின் தலைமுறைக்கு அப்படி எதுவும் இல்லை. வந்த அழைப்பை எல்லாம் ஏற்றுக்கொண்டதைக் குறையாகச் சொல்வதற்கு முன், மறுத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்றும் எண்ணிப் பார்க்க வேண்டும். 'முந்நூறு முகம்' என்ற பட்டம் பொருத்தமற்றது என்பதில் உங்களோடு உடன்படுகிறேன்.

நாற்காலிகளைப் பற்றிச் சொன்னீர்கள். 2003-இல் வந்த 'நான் வாழும் வழி' தொடரில், ஓராண்டு மட்டுமே ஆயுள் மிஞ்சியிருக்கும் ஆசிரியராக சுயோஷி குசநாகி நடித்தார். பள்ளியின் நிர்வாகத் தலைவரும் கதாநாயகியின் தந்தையுமாக ஓசுகி வந்தார். நீங்கள் சொன்ன அதே நாற்காலிதான். ஆனால் சாகப்போகும் ஒருவருக்கு மகளைக் கொடுக்க மனமில்லாத தந்தை என்பதை வில்லத்தனமாக ஆக்காமல், அந்தத் தயக்கத்தில் உள்ள நியாயத்தை அவர் பார்ப்பவருக்குக் கடத்தினார்.

கேட்டவரின் தொடர் கேள்வி — வெண்திரை வாசகர்

மூவருக்கும் நன்றி. 'க்யூர்' காட்சியைப் பற்றிப் படித்தவுடன் அதை மட்டும் மீண்டும் போட்டுப் பார்த்தேன்; அந்த வெறுமை இருக்கிறது. அவருடைய கடைசி ஆண்டுகளைப் பற்றி யாரேனும் எழுத முடியுமா? துணை நடிகர்களையே கதாநாயகர்களாக வைத்து ஒரு தொடர் வந்ததாகவும், அதன் படப்பிடிப்பின்போதுதான் அவர் இறந்தார் என்றும் ஓரிடத்தில் படித்தேன்.

மறுமொழி 5 — நள்ளிரவுக் காட்சி

நீங்கள் படித்தது சரி. அந்தத் தொடரின் பெயர் 'பைப்ளேயர்ஸ்'. அதற்கு முன் ஒரு சிறு பின்னணி: டிவி டோக்கியோ என்ற அலைவரிசை மற்ற பெரிய அலைவரிசைகளைவிட வசதி குறைந்தது; நட்சத்திரங்களுக்குக் கொட்டிக் கொடுக்க முடியாததால், நள்ளிரவு நேரத்தில் வித்தியாசமான சிறு தொடர்களை முயன்று பார்ப்பது அதன் வழக்கம். 2012-இல் யுதாகா மத்சுஷிகே என்ற மற்றொரு துணை நடிகரைத் தனியே உணவகங்களில் சாப்பிட வைத்து எடுத்த 'தனிமைச் சுவைஞர்' தொடர் எதிர்பாராத வெற்றி பெற்றது. துணை நடிகரின் தோளில் ஒரு தொடரை ஏற்றலாம் என்ற துணிவு அதிலிருந்து வந்திருக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

2017 ஜனவரியில் தொடங்கிய 'பைப்ளேயர்ஸ்' தொடரில் ஓசுகி, மத்சுஷிகே, கெனிச்சி எந்தோ, தொமொரோவோ தகுச்சி, சுசுமு தெராஜிமா, கென் மித்சுயிஷி ஆகிய ஆறு பேரும் தங்கள் சொந்தப் பெயரிலேயே வருகிறார்கள். ஒரு பெரிய படைப்பில் சேர்ந்து நடிப்பதற்காக அறுவரும் ஒரே வீட்டில் சில காலம் ஒன்றாகத் தங்க வேண்டும் என்பது கதை. யாகுசாவாகவும் கொலைகாரராகவும் நாம் பார்த்துப் பழகிய முகங்கள், காலையில் யார் குப்பையை வெளியே வைப்பது என்பதில் தொடங்கி, யாருக்கு எந்தப் பாத்திரம் கிடைத்தது என்ற பொறாமைவரை சண்டை போடுகின்றன. அறுவரில் மூத்தவர் ஓசுகி. எல்லோரையும் அரவணைத்துப் போகும் தலைவராகவும், அவ்வப்போது சிறுபிள்ளைத்தனமாகச் சிணுங்குபவராகவும் வருகிறார். மறுமொழி 3 எழுதிய நண்பர் சொன்ன அந்த ஒரே முகம் இங்கே ஒரு பலமாகிவிடுகிறது.

அதற்கு முந்தைய ஆண்டில்தான் 'ஷின் காட்ஜில்லா' வந்தது. 328 பேர் நடித்ததாக விளம்பரப்படுத்தப்பட்ட அந்தப் படத்தில் ஓசுகி நாட்டின் பிரதமர். கடலில் தோன்றிய உயிரினம் கரைக்கு வர வாய்ப்பே இல்லை என்று நிபுணர்கள் சொன்னதை நம்பி, அவர் செய்தியாளர்கள் முன் உறுதியளித்துக்கொண்டிருக்கும்போதே, அது கரையேறிவிட்டது என்ற தகவல் அவர் காதுக்கு வருகிறது. ஒரு பிரதமர் கேமராக்களுக்கு முன் திகைப்பை விழுங்க முயல்வதை அந்த அரை நிமிடத்தில் பாருங்கள். சிரிப்பும் வருகிறது, அந்த மனிதர் மேல் பரிவும் வருகிறது. பிறகு தெருவில் இன்னும் மக்கள் இருக்கிறார்கள் என்று தெரிந்ததும் அந்த உயிரினத்தின் மீதான தாக்குதலை நிறுத்தச் சொல்லும் இடத்தில், இதுவரை தலையாட்டிக்கொண்டிருந்தவர் தாமாக ஒரு முடிவெடுக்கிறார்.

2018 பிப்ரவரி 7 அன்று 'பைப்ளேயர்ஸ்' தொடரின் இரண்டாம் பருவம் ஒளிபரப்பாகத் தொடங்கியது. இம்முறை தெராஜிமா இல்லாமல் ஐவர், ஒரு தீவில் மாட்டிக்கொள்கிறார்கள். பிப்ரவரி 20 அன்று படப்பிடிப்பு முடிந்து தங்குமிடம் திரும்பிய ஓசுகிக்கு இரவில் வயிற்றுவலி ஏற்பட்டது. மத்சுஷிகே அவரை டாக்சியில் மருத்துவமனைக்கு அழைத்துச் சென்றார். மறுநாள் அதிகாலையில் திடீர் இதயச் செயலிழப்பால் ஓசுகி காலமானபோது உடன் நடித்த தோழர்கள் அருகில் இருந்தார்கள். அன்றிரவே மூன்றாம் பகுதி ஒளிபரப்பாக வேண்டிய நாள். அது திட்டமிட்டபடி ஒளிபரப்பானது; எஞ்சிய பகுதிகளையும் எடுத்து முடித்தவற்றைக் கொண்டும் மற்ற நால்வரைக் கொண்டும் நிறைவு செய்து, ஐந்து பகுதிகளோடு தொடரை முடித்தார்கள். கதைக்குள் ஓசுகியைச் சாகடிக்கவில்லை. 2021-இல் இதே பெயரில் திரைப்படமும் வந்தது. நூறு துணை நடிகர்கள் சேர்ந்து படம் எடுப்பதாகக் கதை.

அவர் கதாநாயகராக நடித்த கடைசிப் படத்தையும் விட்டுவிடக் கூடாது. தாய் சாக்கோ இயக்கிய 'கியோகைஷி', 2018 அக்டோபரில், அவர் மறைந்து ஏழு மாதங்களுக்குப் பிறகு வெளியானது. தயாரிப்புப் பொறுப்பிலும் அவர் பெயர் உள்ள படம் இது ஒன்றுதான். மரண தண்டனைக் கைதிகள் ஆறு பேரைச் சந்தித்துப் பேசும் கிறித்தவப் போதகராக நடிக்கிறார். படத்தின் பெரும்பகுதி சிறைக்குள் ஒரே அறை, ஒரு மேசை, எதிரெதிரே இரண்டு நாற்காலிகள். ஒரு கைதி வாயே திறப்பதில்லை. ஒருவர் சளைக்காமல் பேசுகிறார். இன்னோர் இளைஞன் அறிவாளித்தனமான கேள்விகளால் குத்துகிறான். மித்சுயிஷியும் யாகுசா கைதியாக வருகிறார். கதாநாயகர் என்று பெயர்தான். காட்சிக்குக் காட்சி எதிரில் இருப்பவருக்கு இடம்விட்டு, கேட்டுக்கொண்டிருப்பதே ஓசுகியின் வேலை. வாய் திறக்காத கைதியின் முன் அவரும் சொல் தேடித் தடுமாறும் முதல் சந்திப்பில், மறுமொழி 1 எழுதிய நண்பர் விவரித்த அந்த மேடைக்காலம் எனக்கு நினைவுக்கு வந்தது.

துணுக்காக ஒன்று: ஓசுகி தம் சொந்த மாவட்டத்தின் தொகுஷிமா வோர்ட்டிஸ் கால்பந்து அணியின் வெறித்தனமான ரசிகர், தாமும் ஓர் அமெச்சூர் அணியில் விளையாடியவர். படப்பிடிப்பு இல்லாத நாள்களில் மைதானத்தில் அவரைப் பார்க்க முடிந்திருக்கிறது.

மறுமொழி 6 — மாற்றுக் கருத்து

'கியோகைஷி' பற்றிய குறிப்பு பயனுள்ளது; அதை நான் இன்னும் பார்க்கவில்லை. ஆனாலும் தொலைக்காட்சி அவரை வீணடித்தது என்ற என் கருத்தில் மாற்றமில்லை. 'பைப்ளேயர்ஸ்' போன்ற ஒன்று அவருக்குக் கிடைக்க 65 வயதாக வேண்டியிருந்தது என்பதே எனக்குச் சான்று.

கேட்டவருக்கு ஒரு பரிந்துரை. இங்கே எல்லோரும் அவருடைய அமைதியையே புகழ்ந்துகொண்டிருப்பதால், 2017-இல் வந்த கித்தானோவின் 'அவுட்ரேஜ்' வரிசையின் மூன்றாம் படத்தையும் பாருங்கள். பங்குச் சந்தையிலிருந்து வந்து, ஒருநாளும் சிறைக்குப் போகாமல், மாமனார் வழியாக யாகுசா கூட்டமைப்பின் தலைமைப் பதவியில் உட்கார்ந்துவிட்ட நொமுரா என்ற பாத்திரம் அவருக்கு. கீழே உள்ள கிழட்டு ரவுடிகள் யாரும் தம்மை மதிக்கவில்லை என்று தெரிந்துகொண்டே, கணக்குப் புத்தகத்தைப் புரட்டிக்கொண்டு அவர்கள்மேல் எரிந்து விழுவார். தொலைக்காட்சியில் அவர் அலுக்க அலுக்கச் செய்த அதே மேலாளர்தான். கித்தானோ அந்த மேலாளரின் கழுத்தில் தங்கச் சங்கிலியை மாட்டிவிட்டு வேடிக்கை பார்த்திருக்கிறார். 'சொனாட்டின்' பார்த்த கையோடு அதைப் பார்த்துவிட்டு, இருபத்து நான்கு ஆண்டுகளில் அவரிடம் எது மாறியது, எது மாறவில்லை என்று நீங்களே எழுதுங்கள்.